குழந்தையின் உடலும் ஓர் அமானிதமே!



‘குழந்தையின் சம்மதமின்றி அதன் உடலில் கத்தி வைப்பது முறையா?’ கத்னாவைக் குறித்து எழுப்பப்படும் இக்கேள்வியைச் சினந்து தள்ளிவிடலாகாது. சிந்தித்தே விடை காண வேண்டும்.

2012-ஆம் ஆண்டு மே மாதம் ஜெர்மனியின் கொலோன் நகர நீதிமன்றத்தில் இக்கேள்வி எழுந்தது. 4 வயது முஸ்லிம் சிறுவன் ஒருவனுக்கு மருத்துவர் கத்னா செய்த பின்னர் இரத்தப்போக்கு ஏற்பட்டதால் வந்த வழக்கு அது. மருத்துவர் விடுவிக்கப்பட்டார். ஆயினும், பெற்றோரின் மத உரிமையைவிடக் குழந்தையின் உடலுக்குரிய உரிமையே மேலானது என்றது தீர்ப்பு. முஸ்லிம்களும் யூதர்களும் கலங்கினர். அவ்வாண்டு டிசம்பரில் அந்நாட்டு நாடாளுமன்றம் 434-க்கு 100 என்ற வாக்குகளில் பெற்றோரின் உரிமையைச் சட்டமாக்கியது. ஆனால், மருத்துவ நெறிப்படியே செய்ய வேண்டும். குழந்தையின் நலனுக்குக் கேடு நேரலாகாது என்ற நிபந்தனைகளையும் விதித்தது.

இந்நிபந்தனைகள் நமக்குப் புதியவையா? கத்னா, இப்ராஹீம் நபி (அலை) அவர்களின் வழிமுறை. ஹனஃபி மத்ஹபில் அது சுன்னத்; ஷாஃபிஈ மத்ஹபில் கடமை. கடமை என்றுரைத்த ஷாஃபிஈ இமாம்களே, பருவமடைந்த பின்னர்தான் அது கடமையாகிறது என்றும், ஏழாம் நாளில் செய்வது சிறப்பு என்றும், தாங்கும் வலிமையற்ற பிள்ளைக்குத் தள்ளிப்போட வேண்டும் என்றும் எழுதியுள்ளனர்.

தடுப்பூசிக்கும் பிள்ளையைக் கேட்பதில்லையே என்பார் உண்டு. உண்மைதான். எனினும், அகற்றிய தோல் மீண்டும் வளராது. ஆகவே நம் பொறுப்பு மிகுகிறது. நாம் பிள்ளையின் உடலுக்கு உரிமையாளர் அல்லர், காப்பாளர் மட்டுமே.

எனவே, குடும்பத்தில் எவருக்கேனும் இரத்தம் உறையாத நோய் இருப்பின் மருத்துவரிடம் முன்னரே கூறுங்கள். சிறுநீர்த் துவாரம் இடம் மாறிப் பிறந்த குழந்தைக்கு அவசரப்பட்டுக் கத்னா செய்துவிடாதீர்கள். அதனைச் சீர்செய்யும் அறுவை சிகிச்சைக்கு அந்தத் தோல் தேவைப்படலாம். மரத்துப்போகும் மருந்தின்றிச் செய்ய இசையாதீர்கள். விவரம் அறிந்த சிறுவனைப் புத்தாடையும் மாலையும் காட்டி ஏமாற்றி அழைத்துச் செல்லாதீர்கள். நடக்கவிருப்பதை உள்ளபடி சொல்லுங்கள். அவன் அஞ்சினால் காத்திருங்கள். மார்க்கம் அவகாசம் தந்திருக்கிறது. அவனது வலியை விருந்தினருக்குக் காட்சியாக்காதீர்கள்.

நம் பொறுப்பில் விடப்பட்டவர்களைக் குறித்து நாளை மறுமையில் நாம் வினவப்படுவோம். சுன்னத்தை நிறைவேற்றினோமா என்பதோடு, அதை எவ்வாறு நிறைவேற்றினோம் என்பதற்கும் அங்கே விடை கூற வேண்டுமன்றோ!