சீட்டில் எழுதப்படும் பெயர்

மஃரிபுக்குப் பின் கல்முனையில் தனியார் கிளினிக்குகளின் வாசலைப் பாருங்கள். சாய்ந்தமருது மீனவரும் மருதமுனை நெசவாளியும் நம்பர் துண்டோடு காத்திருப்பர். காலையில் அரசாங்க வைத்தியசாலையில் இலவசமாகப் பார்க்கும் டாக்டரையே மாலையில் காசு கொடுத்துப் பார்ப்பவர்களும் அவர்களில் உண்டு. டாக்டரின் கட்டணத்தைப் பற்றி ஊரே பேசுகிறது. ஆனால் சீனி வருத்தக்காரருக்குக் கட்டணம் மாதத்தில் ஒரு தடவைதான், குளிசையோ தினமும்.

ஒரே மருந்துக்கு இரு பெயர்கள் உண்டு. மெட்போமின் என்பது மருந்தின் சொந்தப் பெயர். அதற்கு ஒவ்வொரு கம்பனியும் சூட்டிக்கொள்வது வியாபாரப் பெயர். பின்னைய பெயரை மட்டும் டாக்டர் எழுதிவிட்டால், பாமஸிக்காரர் மலிவானதை எடுத்துக்கொடுக்கத் தயங்குவார், நோயாளியும் வாங்கப் பயப்படுவார். மருந்துக் கம்பனிப் பிரதிநிதிகள் பையோடு டாக்டரின் வாசலில் காத்திருப்பது ஏன் என்பது இப்போது விளங்குமே!

இந்த நோயை அரை நூற்றாண்டுக்கு முன்பே இனங்கண்டவர் பேராசிரியர் சேனக பிபிலே. டாக்டர் எஸ்.ஏ. விக்கிரமசிங்கவுடன் சேர்ந்து 1971இல் அவர் அளித்த அறிக்கையை அடுத்து அரச மருந்தகக் கூட்டுத்தாபனம் உருவானது. இறக்குமதியாகிவந்த சுமார் 2100 மருந்துகள் சுமார் 600 ஆகக் குறைக்கப்பட்டன. சொந்தப் பெயரில், மொத்தமாக, கேள்விப்பத்திரம் கோரி வாங்கியதால் விலை விழுந்தது. பன்னாட்டுக் கம்பனிகள் சும்மா இருக்கவில்லை; எதிர்ப்பு பலமாக எழுந்தது. 1977இல் பிபிலே கயானாவில் காலமானார். அதே ஆண்டு திறந்த பொருளாதாரமும் வந்தது. வியாபாரப் பெயர்கள் மீண்டும் கடைகளை நிறைத்தன.

டாக்டர் மருந்தின் சொந்தப் பெயரை எழுத வேண்டும் என்று 2015ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது. சட்டம் கொழும்பில் இருக்கிறது, சீட்டு நம் கையில் இருக்கிறது!

“மலிவு மருந்து வேலை செய்யாது, மௌலவி” என்பார்கள். அந்தப் பயத்தை வெறும் அறியாமை என்று ஒதுக்க முடியாது. 2023இல் அரச வைத்தியசாலைகளுக்குப் போலி இம்யூனோகுளோபுலின் வழங்கப்பட்ட விவகாரத்தில் முன்னாள் சுகாதார அமைச்சரே கைதானார். ஆனால் அதற்குப் பரிகாரம் கடுமையான தரப் பரிசோதனையே தவிர, விலை கூடியதை வாங்குவதல்ல. விலைச்சீட்டு தரச் சான்றிதழ் அல்லவே.

ஆகவே சகோதரிகளே, உம்மாவுக்கோ வாப்பாவுக்கோ மருந்தெடுக்கப் போகும்போது டாக்டரிடம், “இதன் சொந்தப் பெயரையும் எழுதித் தாருங்கள்” என்று மரியாதையாகக் கேளுங்கள். பாமஸியில், “இதே மருந்து வேறு கம்பனியில் என்ன விலை?” என்று விசாரியுங்கள். குளிசையை மாற்றுவதாயின் டாக்டரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு மாற்றுங்கள்.