சேது நாட்டு நாச்சியார்களும் விக்டோரியா காலக் கதைநாயகிகளும்

விக்டோரியா மகாராணி இங்கிலாந்தை ஆண்டது 1837 முதல் 1901 வரை. அந்தக் காலத்தைக் களமாகக் கொண்டு எழுதப்படும் சரித்திர நாவல்களுக்கு இன்றும் வாசகர்கள் குறையவில்லை. அவற்றில் பலவற்றின் நடுவே ஒரு பெண் நிற்பாள். சொந்தக் காலில் நிற்க வேண்டும் என்பாள். மனத்துக்குப் பிடித்தவனோடு வாழ வேண்டும் என்றும் ஆசைப்படுவாள். இரண்டும் ஒருசேரக் கைகூடுமா என்பதுதான் கதை.

இந்தக் கேள்வி வெறும் கற்பனையில் முளைத்ததல்ல. அன்றைய இங்கிலாந்துச் சட்டத்திலேயே அதன் வேர் இருக்கிறது. திருமணம் ஆகாத பெண்ணும் கைம்பெண்ணும் தம் பெயரில் சொத்து வைத்துக்கொள்ளலாம். மணமாகிவிட்டால் அவள் கொண்டுவந்த பணமும், உழைத்துப் பெறும் கூலியும் கணவனுடையவை. 1870-இல் வந்த சட்டம் அவள் கூலியை அவள் கையில் கொடுத்தது; 1882-இல் வந்த சட்டம்தான் சொத்து முழுவதையும் அவளுக்கென்று ஆக்கியது. அதுவரை ஒரு பெண் காதலனுக்குச் சம்மதம் சொன்னால், தன் உடைமைகளையும் அவனிடம் ஒப்படைக்கச் சம்மதித்ததாகவே பொருள். நாவலாசிரியர்கள் தங்கள் நாயகியை அநாதையாகவோ, ஆசிரியையாகவோ, இளம் விதவையாகவோ படைத்ததற்கு இதுவே காரணம். இழப்பதற்கு ஏதேனும் வைத்திருப்பவள் அவள்தான்.

ஷார்லட் பிராண்டியின் ‘ஜேன் அயர்’ 1847-இல் வெளிவந்தது. அதன் நாயகி ஒரு பணக்கார வீட்டில் குழந்தைக்குப் பாடம் சொல்லித்தரும் அநாதைப் பெண். வீட்டுக்காரரைக் காதலிக்கிறாள். அவருக்கு ஏற்கெனவே மனைவி உண்டு என்று தெரிந்ததும் வெறுங்கையோடு வெளியேறுகிறாள். பிறகு அவளுடைய சித்தப்பா விட்டுச்சென்ற 20,000 பவுன் அவளுக்கு வருகிறது. அதை உறவினர் மூவரோடு சமமாகப் பங்கிட்டுக்கொண்டு, தன் பங்கு 5,000 பவுனோடுதான் அவரைத் தேடித் திரும்புகிறாள். அந்தத் தொகையைப் பிராண்டி பொழுதுபோக்காகச் சேர்க்கவில்லை. யாரையும் அண்டாமல் வாழ வழி கிடைத்த பிறகே ஜேனின் காதலுக்கு மரியாதை கிடைக்கிறது.

ஜார்ஜ் எலியட் என்ற ஆண் பெயரில் எழுதிய பெண்மணியின் ‘மிடில்மார்ச்’ இன்னும் கூர்மையானது. 1871–72-இல் வெளிவந்த அந்த நாவல், 40 ஆண்டுகளுக்கு முந்தைய 1829–32 காலத்தைச் சொல்வதால் சரித்திர நாவல் என்றே அதைக் கொள்ளலாம். நாயகி டொரோத்தியாவின் வயதான கணவர் இறக்கும்போது, குறிப்பிட்ட ஓர் இளைஞனை அவள் மணந்தால் சொத்து எதுவும் சேராது என்று உயிலில் எழுதிவைத்துவிடுகிறார். செத்த பிறகும் கணவனின் கை மனைவியின் மனத்தைப் பிடித்து நிறுத்துகிறது. டொரோத்தியா சொத்தை உதறிவிட்டுக் காதலைத் தேர்கிறாள்.

அதே ஆண்டுகளில் இராமநாதபுரம் கடற்கரையிலும் பெண்கள் சொத்துக்காகவும் சுதந்திரத்துக்காகவும் போராடினார்கள். அவர்கள் கதைமாந்தர்கள் அல்லர். அவர்களுடைய வழக்குகள் மதுரையில் தொடங்கிச் சென்னை வழியாக லண்டனிலிருந்த மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் வரை போயின.

இராமநாதபுரத்தை ஆண்ட சேதுபதிகளின் சேது நாட்டில் பெண்கள் அதிகாரத்துக்கு வந்தது புதிதல்ல. இராமநாதபுரம் அரண்மனையில் பிறந்த வேலு நாச்சியார் கணவரை 1772-இல் காளையார்கோவில் போரில் பறிகொடுத்து, 1780-இல் சிவகங்கைச் சீமையை மீட்டார். அரசர் முத்துராமலிங்க சேதுபதியைக் கிழக்கிந்தியக் கும்பினியார் 1795-இல் பதவியிலிருந்து இறக்கிச் சிறைவைத்தார்கள். பிறகு அவருடைய சகோதரி மங்களேசுவரி நாச்சியாரை 1803-இல் ஜமீன்தாராக ஏற்றுச் சன்னது கொடுத்தார்கள். உத்தரகோசமங்கை அம்மனின் பெயர் அவருக்கு. சேது நாட்டு அரசிகளின் பெயர்களைக் கவனித்தால், அந்தக் கரையின் கோயில்களே வரிசையாக எழுந்து வருவது தெரியும்.

அதே நாட்டில் இன்னொரு மரபும் இருந்தது. 1710-ஐ ஒட்டிக் கிழவன் சேதுபதி இறந்தபோது அவருடைய மனைவியர் 47 பேர் உடன்கட்டை ஏறியதாக அக்காலப் பாதிரியார் கடிதம் ஒன்று கூறுகிறது. இராமநாதபுரம் அரண்மனையின் இராமலிங்க விலாசத்தில், அதற்குச் சற்றே பிற்பட்ட காலத்துச் சுவரோவியங்கள் இன்றும் இருக்கின்றன. அரசர் பெண்கள் சூழ வீற்றிருந்து ஆடலும் பாடலும் கண்டு களிக்கும் காட்சிகள் அவற்றில் உண்டு. அந்தப் பெண்களின் கண்களை நீளநீளமாகத் தீட்டியிருக்கிறார் ஓவியர். அரசர் கண்மூடினால் அந்தக் கண்களுக்கு என்ன நேரும் என்பதை 47 என்ற எண் சொல்லிவிடுகிறது.

சென்னை மாகாணத்தில் உடன்கட்டை ஏறுவது 1830-இல் தடைசெய்யப்பட்டது. அதே ஆண்டில் ஜமீன்தார் இராமசாமி சேதுபதி ஆண்வாரிசு இல்லாமல் இறந்தார். அவருடைய மனைவி பர்வதவர்த்தினி நாச்சியார். அது இராமேசுவரம் அம்மனின் பெயர். கையில் இரண்டு பெண் குழந்தைகள்; அவர்களும் பின்னர் இறந்துபோனார்கள். 1847-இல், ‘ஜேன் அயர்’ லண்டனில் அச்சேறிய அதே ஆண்டில், ராணி தன் சகோதரியின் மகன் முத்துராமலிங்கத்தைத் தத்தெடுத்தார்.

அரசாங்கம் அந்தத் தத்தை ஏற்க மறுத்தது. தத்தெடுக்கும்படி கணவர் அனுமதி கொடுத்துவிட்டுப் போகவில்லை. ஆகவே தத்து செல்லாது, ராணிக்குப் பிறகு ஜமீன் அரசுக்கே வந்து சேரும் என்பது மதுரைக் கலெக்டர் தரப்பு வாதம். வாரிசு இல்லாத நாடுகளைக் கும்பினியார் விழுங்கிக்கொண்டிருந்த காலம் அது. 1854-இல் ஜான்சி அப்படித்தான் போயிற்று. அங்கே கணவர் இறப்பதற்கு முன்பே தத்தெடுத்திருந்தும் இலட்சுமிபாயின் மகனைக் கவர்னர் ஜெனரல் டல்ஹௌசி ஏற்கவில்லை. ஜான்சி ராணி வாளெடுத்தார். இராமநாதபுரத்து ராணியின் தரப்பு வக்கீல்களை நம்பியது. வாளெடுத்தவரை ஊரே அறியும். வழக்காடிய ராணியின் துணிவும் அதற்கு எள்ளளவும் குறைந்ததன்று என்றே சொல்ல வேண்டும். வாள் ஒரு போரோடு ஓய்ந்துவிடும்; வழக்கு ஆண்டுக்கணக்கில் ஆளைத் தின்னும்.

வழக்கின் சிக்கல், கணவன் சொல்லாமல் ஒரு விதவை தத்தெடுக்கலாமா என்பது. இரு தரப்பும் ஸ்மிருதி சந்திரிகை முதலிய பழைய தருமசாத்திர நூல்களை எடுத்துவைத்து வாதாடின. சென்னை உயர்நீதிமன்றம் 1864-இல் தத்து செல்லும் என்றது. பிரிவி கவுன்சில் 1868-இல் அதை உறுதிசெய்தது. தென்னாட்டில், கணவரின் பங்காளிகள் ஒப்புக்கொண்டால் கைம்பெண் தானே தத்தெடுக்கலாம் என்பது தீர்ப்பின் சாரம். நூலில் எழுதியிருப்பதைவிட, நாட்டில் நடைமுறையாக நிலைபெற்ற வழக்கமே பெரிது என்றும் அந்தத் தீர்ப்பு நிறுவியது.

அதன் விளைவு இராமநாதபுரத்தோடு நிற்கவில்லை. தத்துப்பிள்ளையான முத்துராமலிங்க சேதுபதியின் மகன்தான், விவேகானந்தரின் சிகாகோ பயணத்துக்குத் துணைநின்ற பாஸ்கர சேதுபதி. முத்துராமலிங்கரின் அண்ணன் பொன்னுசாமித் தேவர் தமிழ் நூல்கள் அச்சேறப் பொருள் கொடுத்தவர். 1901-இல் மதுரைத் தமிழ்ச் சங்கத்தை நிறுவிய பாண்டித்துரைத் தேவர் அவருடைய மகன். ஒரு விதவையின் பிடிவாதத்துக்குத் தமிழ் இவ்வளவு கடன்பட்டிருக்கிறது.

பக்கத்துச் சிவகங்கையில் வழக்கு இதைவிட நீண்டது. 1829-இல் ஜமீன்தார் கௌரி வல்லபத் தேவர் இறந்ததும், அவருடைய அண்ணன் வழியினர் ஜமீனைக் கைக்கொண்டார்கள். விதவை அங்கமுத்து நாச்சியார் வழக்குத் தொடுத்தார். அது முடியும் முன்பே காலமானார். இன்னொரு மனைவியின் மகளான காத்தம நாச்சியார் அதைக் கையிலெடுத்து லண்டன் வரை கொண்டுபோனார். 1863-இல் பிரிவி கவுன்சில் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. கூட்டுக் குடும்பமே ஆனாலும், ஒருவர் தாமாகத் தேடிய சொத்து பங்காளிகளுக்குப் போகாது, அவருடைய வாரிசுகளுக்கே போகும் என்பது அதன் சாரம். தந்தை இறந்து 34 ஆண்டுகள் கழித்து மகள் ஜமீன்தாரிணி ஆனார்.

இந்த வெற்றிகளிலெல்லாம் காதல் எங்கே என்று கேட்டால், வழக்குக் கட்டுகளில் அதற்கு விடை இல்லை. அரசுக்குக் கட்டும் பேஷ்குஷ் எவ்வளவு, வாரிசு யார், சீவனாம்சம் எத்தனை ரூபாய் என்பதை நீதிமன்றம் எழுதிவைத்தது. இளம் வயதில் தாலியறுத்த ஒரு பெண்ணின் இரவுகளைப் பற்றி எழுதிவைக்கவில்லை. சட்டமும் அந்தக் கதவை அடைத்தே வைத்தது. 1856-இல் வந்த விதவை மறுமணச் சட்டம் மறுமணத்தைச் செல்லுபடியாக்கியது. அதே மூச்சில், மறுமணம் செய்துகொள்ளும் விதவை முதல் கணவரின் சொத்தை விட்டுவிட வேண்டும் என்றும் விதித்தது. டொரோத்தியாவைக் கட்டிப்போட்டது ஒரு கணவரின் உயில். இந்திய விதவைகளைக் கட்டிப்போட்டது நாட்டின் சட்டம். ஒரு நாச்சியாரின் சுதந்திரம் கணவரின் மரணத்தோடு தொடங்கியது. இன்னொருவரை அவர் மனத்தில் ஏற்றால் அது முடிந்துபோகும். கதைகளில் நாயகிக்குக் கடைசி அத்தியாயத்தில் இரண்டும் கிடைக்கலாம். சேது நாட்டில் ஒன்றைக் கொடுத்துத்தான் மற்றொன்றைப் பெற முடிந்தது.

வழக்குக் கட்டுகள் எழுதாத அந்தக் காதலைத் தேடியவை அதே விக்டோரியா காலத்தில் பிறந்த தமிழ் நாவல்கள். மாயூரம் வேதநாயகம் பிள்ளையின் ‘பிரதாப முதலியார் சரித்திரம்’ 1879-இல் வந்தது. அதன் நாயகி ஞானாம்பாள் கணவனைப் பிரிந்து ஆண்வேடம் பூண்டு, ஒரு நாட்டுக்கே அரசனாகி நீதி வழங்குகிறாள். பிறகு கணவனோடு சேர்கிறாள். எழுதியவர் மாயவரத்தில் முன்சீபாக இருந்தவர். அதிகாரத்தையும் அன்பையும் ஒரே பெண்ணுக்குக் கொடுக்க அவருக்கு ஆண்வேடம் தேவைப்பட்டது. பெண்ணுருவிலேயே நாடாண்ட நாச்சியார்கள் தெற்கே சில நாள் பயணத் தொலைவில் இருந்தார்கள்.

கடலுக்கு அப்பால் திருகோணமலையில் பிறந்த தி. த. சரவணமுத்துப் பிள்ளை 1895-இல் ‘மோகனாங்கி’யை வெளியிட்டார். தமிழின் முதல் சரித்திர நாவல் என்று மதிக்கப்படுவது அது. மதுரைச் சொக்கநாத நாயக்கருக்கும் தஞ்சை இளவரசி மோகனாங்கிக்கும் இடையிலான காதல் அதன் பொருள். சரித்திரத்தில் அந்தப் பெண்கேட்பு 1673-இல் போராக முடிந்தது. தஞ்சை மன்னர் விசயராகவர் களத்தில் மாண்டார். அவருடைய அந்தப்புரப் பெண்கள் வெடிமருந்துக்கு இரையானதாகச் சொல்லப்படுகிறது. கொடுக்கவும் மறுக்கவும் ஆண்கள் சண்டையிட்ட இடத்தில், பெண்ணுக்கும் ஒரு மனம் உண்டு என்று நினைத்துப் பார்த்ததே அந்த நாவலின் பெருமை. ‘தத்தை விடு தூது’ என்ற சிறுநூலில் பெண்ணின் உரிமையைப் பாடியவரும் இவரே.

அ. மாதவையா இன்னும் ஒரு படி போனார். ‘முத்துமீனாட்சி’யில் ஓர் இளம் விதவையையே தன் கதையைச் சொல்லவைத்து, அவளுக்கு மறுமணமும் செய்துவைத்தார். 1915-இல் அவர் ஆங்கிலத்தில் எழுதிய ‘கிளாரிந்தா’ உண்மையில் வாழ்ந்த ஒரு பெண்ணைப் பற்றிய சரித்திர நாவல். தஞ்சையைச் சேர்ந்த பிராமண விதவை அவர். லிட்டில்டன் என்ற ஆங்கில அதிகாரியோடு பாளையங்கோட்டையில் வாழ்ந்தார். மணம் முடிக்காமல் வாழ்கிறார் என்று சொல்லி ஞானஸ்நானம் கொடுக்கத் தயங்கிய சுவார்ட்ஸ் பாதிரியார், லிட்டில்டன் இறந்த பிறகு 1778-இல் கொடுத்தார். கிளாரிந்தா கட்டுவித்த கோயிலைப் பாப்பாத்தியம்மாள் கோயில் என்றே ஊரார் அழைத்தார்கள். காதல், சுதந்திரம் இரண்டையும் தேடிச் சாதிக்கு வெளியே போன அவருடைய வாழ்க்கைக்கு எந்தக் கற்பனையும் ஈடாகாது.

ஜமீன் இல்லாத பெண்களுக்கும் ஒரு கதை உண்டு. பஞ்சமும் கடனும் துரத்த, சேது நாட்டுக் கூலிக் குடும்பங்கள் தொண்டி, பாம்பன் துறைகளில் தோணியேறி மன்னாருக்குப் போய், அங்கிருந்து கண்டிச் சீமையின் காப்பித் தோட்டங்களுக்கு நடந்தன. அந்தப் பெண்கள் கூலி பெற்றார்கள். அந்தக் கூலி யார் கைக்குப் போயிற்று என்பதில்தான் அவர்களுடைய சுதந்திரம் அடங்கியிருந்தது. அவர்களுக்காக லண்டனில் யாரும் வழக்காடவில்லை.

விக்டோரியா காலத்தை நம் காலத்திலிருந்து திரும்பிப் பார்க்கும் ஆங்கில நாவல்கள் இப்படி விடுபட்டவர்களையே தேடிப் போகின்றன. ஜீன் ரீஸ் 1966-இல் ‘வைட் சர்காசோ சீ’ நாவலில், ‘ஜேன் அயரி’ல் மாடியறையில் பூட்டிவைக்கப்பட்ட அந்த முதல் மனைவிக்கு வாய் கொடுத்தார். ஜான் ஃபவுல்ஸ் 1969-இல் எழுதிய நாவலில், 1867-ஆம் ஆண்டின் ஒரு துறைமுகச் சுவரில் கடலைப் பார்த்தபடி ஒரு பெண் தனியே நிற்கிறாள். சேது நாட்டுச் சரித்திரத்தைத் தமிழ் நாவலாசிரியர்களும் தொட்டிருக்கிறார்கள். கும்பினியாருக்கு எதிரான 1801-ஆம் ஆண்டுப் போரின் முடிவில் பினாங்குக்கு நாடு கடத்தப்பட்டவர்களைப் பற்றிய மு. ராஜேந்திரனின் ‘காலா பாணி’ 2022-இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. வாள் ஓய்ந்த பிறகு நாச்சியார்கள் வழக்காடிய ஆண்டுகளும் அப்படி ஓர் எழுத்தாளரின் கைக்கு வர வேண்டும். இராமலிங்க விலாசத்தின் சுவர்களும், பிரிவி கவுன்சில் தீர்ப்புத் தொகுதிகளும் அவருக்குத் துணை நிற்கும்.

காத்தம நாச்சியாரின் வழக்கு அவர் பெயராலேயே சட்டப் புத்தகங்களில் வழங்குகிறது. இராமநாதபுரத்து வழக்கையும் இந்துச் சட்டம் படிக்கும் மாணவர்கள் இன்றும் படிக்கிறார்கள். அதன் தலைப்பில் மதுரைக் கலெக்டர் இருக்கிறார், முத்துராமலிங்க சேதுபதி இருக்கிறார். பர்வதவர்த்தினி நாச்சியாரின் பெயர் அதில் இல்லை.