எல்லைக்கு இருபுறமும்

1954 வரை திருநள்ளாறு பிரெஞ்சு ஆட்சியில் இருந்தது. எல்லைக்கு அப்பால் தஞ்சை மாவட்டம் ஆங்கிலேயரிடம் இருந்தது. அங்கே 1909-ஆம் ஆண்டுச் சட்டம் முஸ்லிம்களுக்கும், 1919-ஆம் ஆண்டுச் சட்டம் கிறிஸ்தவர்களாகிய நமக்கும் தனி வாக்காளர் தொகுதிகளை அளித்தன. பிரெஞ்சுப் பகுதியிலும் வாக்காளர் பட்டியல்கள் பிரிந்திருந்தன. ஆனால் சமயத்தின் பெயரால் அன்று.

சிறுபான்மையோரின் அச்சம் பொய்யன்று. எனினும் காவலென நாடியது நாளடைவில் மதிலாயிற்று. 1949-இல் அரசியல் நிர்ணய சபையில் முகம்மது இஸ்மாயில் தனித்தொகுதி நீடிக்க வேண்டினார். ஜெரோம் டிசூசா அடிகளாரோ இடஒதுக்கீட்டைக் கைவிட இசைந்தார். சபையும் அவ்வாறே முடிவு செய்தது.

பொதுத்தொகுதியில் வென்ற காரைக்கால் பரூக் 1967-இல் புதுவை முதல்வரானார். அயலாரை நம்பி நாம் மதிலை விட்டோம். அந்நம்பிக்கையைக் காப்பது பெரும்பான்மையோரின் கடனன்றோ?