இடிமேகமும் கோப்பு சர்வரும்

உதகமண்டலத்தில், கடல்மட்டத்திலிருந்து 2,200 மீட்டர் உயரத்தில், டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தின் காஸ்மிக் கதிர் ஆய்வுக்கூடம் உள்ளது. மேலிருந்து பொழியும் மியூவான் என்னும் நுண்துகள்களை அங்குள்ள 3,712 உலோகக் குழாய்கள் எண்ணுகின்றன. நாளொன்றுக்குச் சுமார் 400 கோடி மியூவான்கள்!

2014 டிசம்பர் 1 அன்று ஓர் இடிமேகம் அதன் மேல் வந்து நின்றது. பதினெட்டு நிமிடங்களுக்கு மியூவான்களின் எண்ணிக்கை சுமார் 2 சதவீதம் குறைந்தது. மேகத்தின் மின்னழுத்தமே அதற்குக் காரணம். கணக்கிட்டபோது அது 130 கோடி வோல்ட் என்று தெரிந்தது. 2019இல்தான் முடிவு வெளியாயிற்று. அதற்காக 2011 முதல் பதிவான 184 இடிமழைகளின் பதிவுகளை ஆராய்ந்தார்கள்.

மியூவான் எண்ணிக்கை மட்டும் இருந்தால் இது தெரிந்திருக்குமா? தெரியாது. சில கிலோமீட்டர் இடைவெளிகளில் வைத்த மின்புல அளவிகளின் பதிவை, அதே நிமிடத்துக்கு நேராக வைத்துப் பார்க்கவேண்டும். இத்தகைய ஆய்வில் பலரும் ஒரே பதிவைப் பார்த்தாக வேண்டும். பத்து மாணவர்கள் ஆளுக்கொரு நகல் எடுத்துக்கொண்டார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு கருவியின் கடிகாரம் இரண்டு நிமிடம் பிந்தியிருந்ததை ஒருவர் கண்டுபிடித்துத் தம் நகலில் திருத்துகிறார். மற்ற ஒன்பது பேரிடமும் பழைய நேரமே இருக்கும். பதினெட்டு நிமிட நிகழ்ச்சியில் இரண்டு நிமிடப் பிழை சிறிதல்லவே!

இந்தக் குழப்பத்தைத் தவிர்ப்பதே கோப்பு சர்வர். கோப்பு ஒரே கணிப்பொறியில் இருக்கும். மற்றக் கணிப்பொறிகள் வலையமைப்பின் வழியே, "இன்ன கோப்பில், இன்ன இடத்திலிருந்து, இவ்வளவு கொடு" என்று கேட்டுப் பெறும். உங்கள் திரையிலோ அது உங்கள் வட்டிலேயே இருப்பதுபோலத் தோன்றும்.

1984இல் சன் மைக்ரோசிஸ்டம்ஸ் நிறுவனம் அமைத்த என்.எஃப்.எஸ். என்ற முறையில் ஓர் அழகான தந்திரம் உண்டு. யார் எந்தக் கோப்பைப் படிக்கிறார்கள் என்பதை சர்வர் நினைவில் வைத்துக்கொள்ளாது. மளிகைக் கடைக்காரர் உங்களை மறந்தாலும், நீங்கள் ஒவ்வொரு முறையும் முழுச் சீட்டை நீட்டினால் சரக்கு கிடைக்கும் அல்லவா? அதுபோலத்தான். தென்மேற்குப் பருவக் காற்றில் மரம் விழுந்து கம்பி அறுவது மலையில் இருப்பவர்களுக்குப் புதிதல்ல. மின்சாரம் போய் சர்வர் நின்றாலும், உங்கள் கணிப்பொறி அதே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருக்கும். சர்வர் உயிர்பெற்றதும் விடை வரும். விட்ட இடத்திலிருந்தே வேலை தொடரும்.

மறதியால் ஒரு தொல்லையும் உண்டு. இருவர் ஒரே சமயத்தில் ஒரே கோப்பில் எழுதினால், ஒருவரின் எழுத்தை மற்றவரின் எழுத்து அழித்துவிடலாம். ஆகவே முதலில் எழுதுபவருக்குப் பூட்டுப் போட்டுக் கொடுக்கவேண்டும். பூட்டு யாரிடம் என்று நினைவு வைக்காமல் முடியுமா? இதற்குத் தனி ஏற்பாடு ஒன்றைச் சேர்த்தார்கள். 2000ஆம் ஆண்டில் வந்த நான்காம் பதிப்பில் சர்வரே நினைவு வைக்கத் தொடங்கிற்று.

கருவி எழுதிய மூலக் கோப்புக்குப் படிக்கும் உரிமை மட்டும் தருவது நல்லது. திருத்தங்களைத் தனிக் கோப்பில், தேதியும் காரணமும் குறித்து எழுதலாம். இன்னொன்று: சர்வரில் அழிந்தது எல்லோருக்கும் அழிந்ததே. மின்னல் அடிக்கடி விழும் இடத்தில், மூலத்தின் நகல் ஒன்று வேறொரு கட்டிடத்தில், அந்தக் கம்பிகளோடு தொடர்பில்லாமல் இருக்கவேண்டும்.