நான்கு ராணிகளும் ஒரு சிறுமியும்

ராணி வேஷம் போடுவதற்கு என்ன வேண்டும்? பட்டாடையும் மணிமுடியும் நிமிர்ந்த நடையும் இருந்தால் போதும் என்று நினைக்கிறீர்களா? அப்படியானால் ஹெலன் மிர்ரன் அம்மையாரின் கதையைக் கொஞ்சம் கேளுங்கள்.

1945-ல் லண்டனில் பிறந்தவர் ஹெலன். பாட்டனார் ரஷ்யச் சக்கரவர்த்தியின் படையில் அதிகாரி. ஆயுதம் வாங்குவது பற்றிப் பேச லண்டன் வந்தவர், 1917-ல் புரட்சி வெடிக்கவே, ஊர் திரும்ப முடியாமல் அங்கேயே தங்கிவிட்டார். அவருடைய மகன், அதாவது ஹெலனின் தந்தை, டாக்ஸி ஓட்டிப் பிழைத்தார். மிரனாஃப் என்ற குடும்பப் பெயரை மிர்ரன் என்று மாற்றியவரும் அவரே.

அந்த டாக்ஸிக்காரரின் மகளைத் தேடி ராணி வேஷங்கள் வந்தன. 1994-ல், சித்தப் பிரமை பிடித்த மூன்றாம் ஜார்ஜ் மன்னரின் மனைவி சார்லட். 2005-ல், டெலிவிஷன் நாடகத்தில் முதலாம் எலிசபெத். 2006-ல், ஆஸ்கார் பரிசு வாங்கித் தந்த 'தி குவீன்' படத்தில் இரண்டாம் எலிசபெத். 2019-ல் ரஷ்ய மகாராணி காதரீன். பாட்டனார் இழந்த தேசத்தின் சிம்மாசனத்தில், நாடகத்திலாவது பேத்தி அமர்ந்துவிட்டார்!

'தி குவீன்' படத்தில் ஒரு கட்டம். 1997-ல் டயானா இறந்த சமயம். ஊரே கண்ணீர் விடுகிறது. ராணி மட்டும் விடவில்லை என்று ஜனங்களுக்குக் கோபம். ஸ்காட்லாந்து மலையில் வண்டி பழுதாகி, ராணி தன்னந்தனியே நிற்கிறார். அப்போதுதான் அழுகிறார். ஆனால் நாம் பார்ப்பது அவர் முதுகைத்தான்! முகத்தைக் காட்டி அழ எந்த நடிகைக்குத்தான் ஆசை இருக்காது?

காதரீனாக நடித்த அதே 2019-ல், ஆன் ஃபிராங்கைப் பற்றிய ஒரு டாகுமெண்டரியிலும் ஹெலன் தோன்றினார். நாஜிகளுக்குப் பயந்து 1942 முதல் 1944 வரை ஆம்ஸ்டர்டாமில் ஒளிந்திருந்து டயரி எழுதிய யூதச் சிறுமி ஆன். அகப்பட்டு, 1945-ல் முகாமிலேயே மாண்டாள். வயது 15. அவள் அறையைப் போலவே அமைத்த ஓர் அறையில் உட்கார்ந்து, ஹெலன் டயரியை வாசிக்கிறார். வேஷம் இல்லை, குழந்தைக் குரலும் இல்லை. முகாம்களிலிருந்து உயிர் தப்பிய ஐந்து மூதாட்டிகள் அதே படத்தில் தங்கள் சொந்தக் கதையைச் சொல்லுகிறார்கள். அந்த உண்மைக்குப் பக்கத்தில் நடிப்பு எடுபடுமா?

இரண்டாம் எலிசபெத் பிறந்தது 1926-ல். ஆன் பிறந்தது 1929-ல். மூன்றே வருஷ வித்தியாசம். அவர் 96 வயது வரை வாழ்ந்தார். இவளோ 16-ஐக்கூடக் காணவில்லை. ராணிக்காக ஹெலன் தம் முகத்தை மறைத்தார். சிறுமிக்காகத் தம் நடிப்பையே மறைத்தார்.

பட்டாடையும் மணிமுடியும் வாடகைக்குக் கிடைக்கும். இந்த அடக்கம் கிடைக்குமா, சொல்லுங்கள்!