5 வோல்ட் தானே, தொட்டால் என்ன? சார்ஜருக்குள் இருக்கும் 'இடைவெளி' உங்களைக் காப்பது எப்படி?

கைத்தொலைபேசி சார்ஜர், வைஃபை ரூட்டர், திறன் விளக்கு... எல்லாவற்றுக்கும் சுவரிலிருந்து வருவது ஒரே மின்சாரம்தான். சிங்கப்பூரில் அது 230 வோல்ட். ஆனால் இந்தச் சாதனங்களுக்குத் தேவைப்படுவதோ 5 அல்லது 12 வோல்ட்.

இடையில் நின்று மாற்றித் தருவது தீப்பெட்டி அளவுள்ள ஒரு மின்வழங்கி. மின்னழுத்தத்தைக் குறைப்பதோடு அதன் வேலை முடிவதில்லை. சுவர் மின்சாரத்திலிருந்து உங்களைப் பிரித்து வைப்பதும் அதன் பொறுப்பு.

எப்படி? பார்க்கலாம்.

உள்ளே என்ன நடக்கிறது?

சுவரில் வருவது ஏசி. விநாடிக்கு 50 சுற்று, திசை மாறி மாறி ஓடும். சில்லுகளுக்கு வேண்டியது ஒரே திசையில் ஓடும் டிசி.

1. டயோடுகள் ஏசியை ஒரே திசைக்குத் திருப்புகின்றன. கெப்பாசிட்டர் அதைச் சமன்செய்கிறது. இப்போது உள்ளே சுமார் 325 வோல்ட்! கூடிவிட்டதே என்கிறீர்களா? 230 என்பது ஒருவகைச் சராசரி. அலையின் உச்சம் 325.

2. ஒரு மின்னணு சுவிட்ச் அதை விநாடிக்குப் பல்லாயிரம் முறை வெட்டி வெட்டி அனுப்புகிறது.

3. அது மின்மாற்றிக்குப் போகிறது. அதில் இரண்டு கம்பிச்சுருள்கள். ஒன்றையொன்று தொடுவதில்லை. ஆற்றல் காந்தப்புலம் வழியே மறுபக்கம் போகிறது.

4. மறுபக்கத்தில் இன்னொரு டயோடும் கெப்பாசிட்டரும் 5 வோல்ட் டிசியைத் தருகின்றன.

ஏன் அவ்வளவு வேகமாக வெட்ட வேண்டும்? ஒவ்வொரு வெட்டிலும் கொஞ்சம் ஆற்றல் போனால் போதும். அதனால் மின்மாற்றி சிறியதாக இருக்கலாம். பழைய அடாப்டர்கள் 50 சுற்றிலேயே வேலை செய்தன. அதனால்தான் அவை செங்கல் மாதிரி கனத்தன.

5 வோல்ட் சரியாக வருகிறதா என்று முதல் பக்கத்துக்குத் தெரிய வேண்டும் அல்லவா? பல மின்வழங்கிகளில் அந்தத் தகவல்கூடக் கம்பி வழியாகப் போவதில்லை. ஒரு குட்டி விளக்கு ஒளியால் சொல்கிறது.

இடைவெளி இல்லாவிட்டால்?

இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள். வோல்ட் என்பது இரு புள்ளிகளுக்கு இடையிலான வேறுபாடு. 20ஆம் மாடிக்கும் 21ஆம் மாடிக்கும் இடையே ஒரு மாடிதான். ஆனால் 21ஆம் மாடியிலிருந்து விழும் பூந்தொட்டி ஒரு மாடி உயரத்திலிருந்தா விழுகிறது?

பிரிப்பு இல்லாத மின்வழங்கியும் அப்படித்தான். இரு கம்பிகளுக்கு இடையே 5 வோல்ட் காட்டும். கம்பிக்கும் தரையில் நிற்கும் உங்களுக்கும் இடையே 230 வோல்ட் இருக்கலாம்.

சில திறன் சுவிட்சுகளில் இந்தப் பிரிப்பு இருக்காது. மூடிய பெட்டிக்குள் இருக்கும்வரை பரவாயில்லை. திறந்து, சுவர் மின்சாரம் ஓடும்போதே யுஎஸ்பி கம்பியால் கணினியுடன் இணைத்தால் கணினிக்கும் ஆபத்து, உங்களுக்கும் ஆபத்து.

மலிவுப் போலிகளில் என்ன பிரச்சினை?

தரமான சார்ஜரில் இரு பக்கங்களுக்கும் நடுவே சில மில்லிமீட்டர் இடைவெளி விட்டிருப்பார்கள். போலிகளில் அந்த இடைவெளி சுருங்கிவிடும், கம்பிச்சுருளின் காப்பு மெலிந்துவிடும். வெளியே பார்த்தால் ஒன்றும் தெரியாது. சார்ஜும் ஏறும். காப்பு உடையும் நாளில்தான் தெரியும்.

நீங்கள் என்ன செய்யலாம்?

• சிங்கப்பூரின் பாதுகாப்பு முத்திரை (சேஃப்டி மார்க்) இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள்.

• சதுரத்துக்குள் சதுரம் போட்ட குறி, இரட்டைக் காப்பு என்று பொருள்.

• விரிசல், கருகிய வாடை, கையில் சுரீரென்ற அதிர்ச்சி... உடனே நிறுத்துங்கள்.

• சார்ஜரைத் திறக்க வேண்டாம். கழற்றிய பிறகும் கெப்பாசிட்டரில் மின்சாரம் தேங்கியிருக்கலாம்.

• பள்ளித் திட்டப்பணிக்குச் சுற்று அமைக்கிறீர்களா? முத்திரை பெற்ற சார்ஜரின் யுஎஸ்பி வெளியீட்டையே பயன்படுத்துங்கள். 230 வோல்ட் பக்கம் உங்கள் கை போகவே தேவையில்லை.