உறைந்துபோன தலைப்பெழுத்து

அண்மையில் நண்பர் ஒருவர் தொலைபேசியில் அழைத்தார். நாகர்கோவில்காரர்; பணி ஓய்வு பெற்ற ஆசிரியர். அமெரிக்காவில் பணிபுரியும் அவருடைய மகனுக்கு ஆண் குழந்தை பிறந்திருக்கிறது. குழந்தைக்கு 'ஜென்சன்' என்று பெயர் சூட்டியிருக்கிறார்கள். "இணையத்தில் தேடினால் 'இறைவன் அருளுடையவர்' என்று பொருள் வருகிறது. சரிதானா?" என்று கேட்டார்.

"பாதி சரி" என்றேன். மீதிப் பாதியைச் சொல்லத் தொடங்கியபோதுதான், அந்தச் சிறு பெயருக்குள் ஒரு நாட்டின் 500 ஆண்டு வரலாறு மடிந்து கிடப்பது எனக்கே தெளிவாயிற்று. அது நமக்கும் தொடர்புடைய வரலாறுதான்.

ஜென்சன் என்ற பெயர் இப்போது அடிக்கடி காதில் விழுகிறது. 'என்விடியா' நிறுவனத்தின் தலைவர் ஜென்சன் ஹுவாங் செய்திகளில் இடம்பெறாத வாரமில்லை. 2009-இல் ஃபார்முலா ஒன் கார் பந்தயத்தில் உலக சாம்பியனான ஆங்கிலேயர் ஜென்சன் பட்டன். அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர்களைப் பார்ப்பவர்களுக்கு நடிகர் ஜென்சன் ஆக்கிள்ஸைத் தெரியும். மூவருக்கும் அது முதற்பெயர். ஆனால், அந்தப் பெயர் பிறந்த டென்மார்க்கில் அது குடும்பப் பெயர். நாட்டிலேயே மிகப் பரவலான குடும்பப் பெயர்களுள் ஒன்று. சுமார் 60 லட்சம் பேர் வாழும் அந்த நாட்டில் 2 லட்சத்துக்கும் அதிகமானோர் ஜென்சன்கள்.

டேனிஷ் மொழியில் அதை 'ஜென்சன்' என்று ஒலிப்பதில்லை, 'யென்ஸன்' என்பார்கள். 'யென்ஸ்' என்பது ஓர் ஆணின் பெயர். 'ஸென்' என்றால் மகன். ஆக, யென்ஸ் என்பவரின் மகன் யென்ஸன். அவ்வளவுதான்.

அந்த யென்ஸ் யார்? எபிரேய மொழியின் யோகனான் என்ற பெயர் கிரேக்கத்திலும் லத்தீனிலும் யோவான்னஸ் ஆகி, ஐரோப்பா முழுவதும் பரவி, ஒவ்வொரு நாட்டிலும் ஒரு வடிவம் எடுத்தது. ஆங்கிலேயருக்கு ஜான், ரஷியருக்கு இவான், டேனியருக்கு யென்ஸ், ஹான்ஸ், யோஹான். 'இறைவன் அருள்புரிந்தார்' என்பது எபிரேயப் பொருள். தமிழ் விவிலியத்தில் இவர் யோவான். தமிழ்க் கத்தோலிக்கர்கள் முன்பு பொருளையே பெயராக்கி 'அருளப்பர்' என்று அழைத்தார்கள். 1693-இல் ஓரியூரில் உயிர்நீத்த ஜான் டி பிரிட்டோ நமக்கு அருளானந்தர் ஆனதும் இந்த வழியில்தான். எனவே, யென்ஸனை அப்படியே தமிழாக்கினால் 'அருளப்பன் மகன்'. ஜான்சன், ஹான்சன், இவானோவ் ஆகியோரும் அருளப்பன் பிள்ளைகளே.

இணையம் சொன்ன பொருள் யென்ஸுக்கு உரியது. 'ஸென்' என்ற வாலைப் பற்றி அது பேசவில்லை. வரலாறு அந்த வாலில்தான் இருக்கிறது.

பழைய டென்மார்க்கில் சாதாரணக் குடியானவருக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று இல்லை. தன் பெயரும் தகப்பன் பெயரும்தான் அடையாளம். நீல்ஸ் என்பவருக்கு யென்ஸ் என்ற மகன் பிறந்தால் அவன் யென்ஸ் நீல்ஸன். அந்த யென்ஸுக்குப் பிறக்கும் பேடர், பேடர் யென்ஸன். பேடரின் மகன் ஆண்டர்ஸ், ஆண்டர்ஸ் பேடர்ஸன். தலைமுறைதோறும் பின்பெயர் மாறிக்கொண்டே இருக்கும். பெண்களுக்கும் அப்படித்தான். யென்ஸின் மகள் காரன் என்றால் அவள் காரன் யென்ஸ்டாட்டர். அதாவது, யென்ஸின் மகள். திருமணத்துக்குப் பிறகும் அவள் யென்ஸின் மகளாகவே இருந்தாள். கணவன் பெயர் ஒட்டிக்கொள்ளவில்லை.

தமிழ் வாசகருக்கு இதில் வியப்பு ஏதுமிருக்காது. நம்முடைய தலைப்பெழுத்தும் இதே வேலையைத்தான் செய்கிறது. நாம் தந்தையின் பெயரைச் சுருக்கி முன்னால் வைக்கிறோம். அவர்கள் விரித்துப் பின்னால் வைத்தார்கள். இரண்டும் வம்சப் பெயர்கள் அல்ல. 'இன்னாரின் பிள்ளை' என்ற உண்மையைச் சொல்லும் வாக்கியங்கள்.

அந்த வாக்கியத்தை ஓர் ஆணை நிறுத்தியது. 1526-இல் டென்மார்க்கின் மன்னர் முதலாம் ஃபிரடெரிக், பிரபுக் குலத்தார் நிலையான குடும்பப் பெயர் சூட்டிக்கொள்ள வேண்டும் என்று கட்டளையிட்டார். அவர்களில் பலர் தங்கள் குலச்சின்னத்தில் இருந்ததையே பெயராக்கிக் கொண்டனர். ரோஸன்கிரான்ட்ஸ் என்றால் ரோஜா மாலை. கில்டன்ஸ்டேர்ன் என்றால் பொன் விண்மீன். ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட் நாடகத்தில் இணைபிரியாமல் வரும் இருவரின் பெயர்கள் இவைதாம். குடியானவர்களுக்குச் சின்னமும் இல்லை; கட்டளையும் இல்லை. அவர்கள் இன்னும் 300 ஆண்டுகள் இன்னாரின் மகனாகவும் இன்னாரின் மகளாகவும் வாழ்ந்தார்கள்.

1828-இல் வந்த ஞானஸ்நான ஆணை அவர்களையும் எட்டியது. அப்போது நம் தரங்கம்பாடியில் டேனிஷ் கொடி பறந்துகொண்டிருந்தது. குழந்தைக்குத் திருமுழுக்குக் கொடுக்கும்போதே, அது வாழ்நாள் முழுவதும் தாங்கவேண்டிய குடும்பப் பெயரையும் பதிவேட்டில் எழுதவேண்டும் என்றது அந்த ஆணை. அரசின் நோக்கில் அது நியாயமானதுதான். ஓர் ஊரில் பத்து யென்ஸ் நீல்ஸன்கள் இருந்தால் யாரிடம் வரி வாங்குவது, யாரைப் படைக்கு அழைப்பது, யார் சொத்துக்கு யார் வாரிசு?

மக்கள் உடனே மாறிவிடவில்லை. கிராமங்களில் பழைய வழக்கம் பல்லாண்டுகள் நீடித்தது. ஆனாலும், பதிவேடுதான் இறுதியில் வென்றது. அந்தத் தலைமுறையில் தற்செயலாக எந்தத் தகப்பன் பெயர் இருந்ததோ, அது அப்படியே உறைந்தது. யென்ஸின் மகன் யென்ஸன். யென்ஸனின் மகனும் யென்ஸன். பேரனும் யென்ஸன். யென்ஸ் என்ற மனிதர் மறைந்து 100 ஆண்டுகள் ஆன பின்னும், அவரை அறியாத பிள்ளைகள் அவருடைய மகன்களாகவே பதிவாயினர்.

இதில் பெரிதும் இழந்தவர்கள் பெண்கள். 'யென்ஸ்டாட்டர்' வழக்கிழந்தது. மகளும் யென்ஸன் ஆனாள். அதாவது, மகள் மகன் ஆனாள். இன்றைய டென்மார்க்கின் அரசியலில் முதன்மையான பெயர்களுள் ஒன்று மெட்டே ஃபிரடெரிக்ஸன், 2019-இல் பிரதமரானவர். அவர் பெயரின் நேர்ப்பொருள் 'ஃபிரடெரிக்கின் மகன்'. அதைக் கேட்டு அங்கே யாரும் சிரிப்பதில்லை. ஏனெனில், அந்தச் சொல் பொருளை இழந்து வெறும் ஒலியாகி நெடுங்காலமாகிவிட்டது.

குழப்பத்தைத் தீர்க்க வந்த ஆணை புதிய குழப்பத்தையும் கொண்டுவந்தது. யென்ஸ், நீல்ஸ், ஹான்ஸ், பேடர் என்று சில பெயர்களே ஊரெங்கும் புழங்கியதால், உறைந்த குடும்பப் பெயர்களும் சிலவாகவே அமைந்தன. நாடெங்கும் 'ஸென்'கள். 1904-இல் அரசே இறங்கிவந்து, வேறு பெயருக்கு மாறிக்கொள்வதைச் சட்டத்தின் மூலம் எளிதாக்க வேண்டியதாயிற்று. ஆனாலும் பலர் மாறவில்லை. 1993 முதல் 2011 வரை டென்மார்க்கை அடுத்தடுத்து ஆண்ட மூன்று பிரதமர்களும் ராஸ்முஸன்கள். மூவரும் உறவினர் அல்லர். நியூருப், ஃபோ, லொக்கே என்று அவர்களுடைய இடைப்பெயர்களைச் சொல்லித்தான் மக்கள் வேறுபடுத்தினார்கள்.

நார்வே 1923-இல் சட்டமியற்றி இதே வழிக்கு வந்தது. ஐஸ்லாந்து மட்டும் எதிர்த்திசையில் நடந்தது. 1925-இல் அது, புதிய குடும்பப் பெயர்களைச் சூட்டிக்கொள்வதையே சட்டத்தால் தடை செய்தது. அங்கே இன்றும் மகன் இன்னாரின் 'ஸொன்', மகள் இன்னாரின் 'டோட்டிர்'. 1980-இல் அந்நாட்டின் அதிபராகத் தேர்வான விக்டிஸ் ஃபின்பொகாடோட்டிர், ஃபின்போகி என்பவரின் மகள். பெயரும் உண்மையும் அங்கே ஒன்றே. ஐஸ்லாந்தின் தொலைபேசிக் கையேடு, பின்பெயர் வரிசையில் அல்லாமல் முதற்பெயர் வரிசையில் அச்சிடப்பட்டது. ஒரு நவீன அரசு குடும்பப் பெயர் இல்லாமலும் வரி வாங்கலாம், தேர்தல் நடத்தலாம் என்பதற்கு ஐஸ்லாந்தே சான்று.

குடும்பப் பெயராக உறைந்த யென்ஸன் எப்படி முதற்பெயரானது? 19-ஆம் நூற்றாண்டிலும் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் லட்சக்கணக்கான டேனியர் கடல் கடந்து அமெரிக்கா சென்றனர். ஆங்கிலம் பேசுவோர் நாவில் யென்ஸன், ஜென்சன் ஆனது. தாய்வழிக் குடும்பப் பெயரையோ, மதிப்புக்குரிய ஒருவரின் குடும்பப் பெயரையோ குழந்தைக்கு முதற்பெயராகச் சூட்டுவது ஆங்கிலேயரிடமும் அமெரிக்கரிடமும் பழைய வழக்கம். அந்த வாசல் வழியாக ஜென்சனும் நுழைந்தது.

பந்தய வீரர் ஜென்சன் பட்டனின் கதை சுவையானது. அவருடைய தந்தையும் கார் பந்தயக்காரர். களத்தில் எதிராளியாகவும் வெளியே நண்பராகவும் இருந்த எர்லிங் யென்ஸன் என்ற டேனியரின் நினைவாக மகனுக்கு அப்பெயரை வைத்தார். எழுத்தில் மட்டும் ஓர் உயிரெழுத்தை மாற்றினார். ஜென்சன் ஹுவாங்கின் கதை வேறு. 1963-இல் தைவானில் பிறந்த அவருடைய சீனப் பெயர் ஜென்-சுன். அதன் ஒலிக்கு நெருக்கமாக அமைந்த மேலைநாட்டு வடிவம்தான் ஜென்சன். ஒருவர் நட்பால் ஜென்சன். மற்றவர் ஒலியால் ஜென்சன். இருவர் வீட்டிலும் யென்ஸ் என்று ஒரு தகப்பன் இல்லை.

இதைக் கேட்டுத் தமிழர் வியக்கத் தேவையில்லை. நெல்சன், வில்சன், ஜான்சன், ஜாக்சன் என்று தென்மாவட்டங்களில் நாம் கூப்பிட்டு வளர்த்த பிள்ளைகள் எத்தனை பேர்! அவை அனைத்தும் மேலைநாட்டில் குடும்பப் பெயர்கள். அனைத்திலும் 'மகன்' ஒளிந்திருக்கிறான். நாம் அவற்றுக்கு முன்னால் நம் தகப்பன் பெயரின் முதலெழுத்தை வைத்து, அவற்றை நம்முடையவை ஆக்கிக்கொண்டோம்.

இவற்றையெல்லாம் சொல்லி முடித்தபோது நண்பர் சற்று நேரம் பேசவில்லை. பிறகு, "அப்படியானால் என் பேரனின் பின்பெயர் என்ன தெரியுமா? என் பெயர்" என்றார்.

நடந்தது இதுதான். மகன் கடவுச்சீட்டுக்கு விண்ணப்பித்தபோது 'குடும்பப் பெயர்' என்ற கட்டத்தை நிரப்ப வேண்டியிருந்தது. அதை வெற்றாக விட்டால் அமெரிக்க விசாவில், முதற்பெயர் அறியப்படவில்லை என்பதன் சுருக்கமாக 'எஃப்.என்.யூ.' என்று அச்சாகும். பிறகு வங்கியிலும் அலுவலகத்திலும் அதுவே பெயராகித் தொல்லை தரும். எனவே, தலைப்பெழுத்தை விரித்துத் தந்தை பெயரைக் குடும்பப் பெயராக எழுதினார். அங்கே பிறந்த குழந்தைக்கும் அதுவே சென்றது. தாத்தாவின் பெயர் இனி வம்சப் பெயர். நடுவில் நிற்கும் தகப்பனின் பெயர் பிள்ளையின் பெயரில் எங்குமே இல்லை.

1828-இல் டேனிஷ் பதிவேடு செய்ததை இன்று விண்ணப்பப் படிவம் செய்கிறது. அன்று ஆணை பிறப்பித்தவர் மன்னர். இன்று ஆணை என்று எதுவும் இல்லை. ஒரு வெற்றுக் கட்டம் போதுமானதாக இருக்கிறது. பெண்களின் நிலையும் அதுவே. தந்தை பெயரைக் குடும்பப் பெயராக எழுதியவள் வெளிநாட்டில் தந்தையின் பெயராலேயே அழைக்கப்படுகிறாள். கணவன் பெயருக்கு மாறினால் கணவன் பெயரால். அவளுக்கென்று வைத்த பெயர் பின்னால் போய்விடுகிறது.

இது தவிர்க்கவே முடியாத விதியன்று. டென்மார்க்கே பின்னோக்கி ஓரடி எடுத்து வைத்தது. 2006-இல் நடைமுறைக்கு வந்த பெயர்ச் சட்டத்தின்படி, தந்தை அல்லது தாயின் முதற்பெயரோடு 'ஸென்' என்றோ 'டாட்டர்' என்றோ சேர்த்துப் பின்பெயராக வைத்துக்கொள்ளலாம். யென்ஸின் மகள் விரும்பினால் மீண்டும் யென்ஸ்டாட்டர் ஆகலாம். தாயின் மகளாகவும் பெயர் பெறலாம். சட்டம் உறையவைத்ததைச் சட்டமே இளக வைத்திருக்கிறது.

நம் அரசும் தன் படிவங்களில் 'பெயர்' என்றும் 'தந்தை அல்லது தாய் பெயர்' என்றும் நாம் வாழும் முறைக்கேற்பக் கேட்டு, அதைப் பிற நாடுகள் ஏற்கும் வண்ணம் முன்வைக்கலாம். சுமார் 4 லட்சம் பேர் வாழும் ஐஸ்லாந்து தன் பெயர் மரபை உலகம் ஏற்கச் செய்திருக்கும்போது, கோடிக்கணக்கான தமிழர்களின் மரபை ஒரு கட்டத்துக்காக நாம் கைவிட வேண்டியதில்லை.

அதுவரை என்ன செய்வது? நண்பர் தாமே ஒரு வழி கண்டுபிடித்திருந்தார். அவர் வீட்டில் தலைமுறைகளாக இருக்கும் வேதாகமத்தின் முதல் தாளில், குடும்பத்தில் பிறந்தவர்களின் பெயரும் நாளும் எழுதப்பட்டிருக்கும். மறுநாள் அதில் பேரனின் பெயரையும் எழுதிவிட்டு என்னை மீண்டும் அழைத்தார். தம் பெயரை அதில் அவர் சேர்க்கவில்லை. மகன் பெயரின் முதலெழுத்தை இட்டு, ஒரு புள்ளி வைத்து, அதன் பக்கத்தில் ஜென்சன் என்று எழுதியிருந்தார்.